வீடு திரும்பிய பின்

வன்னிக் கிராமங்களில் நல்லதொரு வழக்கம் உண்டு. காய்ச்சலாலோ சத்திரசிகிச்சையாலோ சில நாள் வைத்தியசாலையில் கிடந்தவர் வீடு திரும்பினால், அன்று மாலையே அயலவர் வந்துவிடுவர். ஒருவர் கையில் தோடம்பழம் இருக்கும். இன்னொருவர் பிஸ்கற்றும் பால்மாவும் கொண்டுவருவார். முற்றத்தில் கதிரை போட்டு அமர்ந்து, என்ன வருத்தம், வைத்தியர் என்ன சொன்னார், இனி எதைச் சாப்பிடலாம் என்றெல்லாம் விசாரித்துவிட்டுச் செல்வர். அந்த விசாரிப்பில் மருந்து எதுவும் இல்லை. ஆயினும், தாம் இன்னும் இந்த ஊரின் ஆள்தான் என்பதை நோயாளி அதனால் அறிந்துகொள்கிறார்.

மனநோய்க்குச் சிகிச்சை பெற்றுத் திரும்புபவருக்கு அத்தகைய மாலை பெரும்பாலும் வாய்ப்பதில்லை. அவர் வந்த செய்தி ஊருக்குத் தெரியும். ஆனால் படலையைத் திறந்து வருவார் இல்லை. வீட்டாரும் அவர் எங்கே போயிருந்தார் என்பதை வெளியே சொல்லத் தயங்குவர். நோய் தணிந்து வந்தவர், நோயைவிடக் கொடிய தனிமையைத் தம் வீட்டிலேயே சந்திக்கிறார். வைத்தியசாலை தன் கடமையின் பெரும்பகுதியைச் செய்துவிட்டது. வீடும் ஊரும் செய்யவேண்டிய கடமை அப்பொழுதுதான் தொடங்குகிறது. அந்தக் கடமை யாது என்பதே இப்பேச்சின் பொருள்.

கண்டி வீதியிலே, புளியங்குளத்துக்கும் மாங்குளத்துக்கும் இடையே, வவுனியா வடக்குப் பிரிவில் அமைந்திருக்கும் விவசாயக் கிராமம் கனகராயன்குளம். அப்பெயரையே தாங்கிய கனகராயன் ஆறு வடக்கு நோக்கிச் சென்று இரணைமடுக் குளத்தை நிறைக்கிறது. காலபோக நெல்லும், மேட்டுநிலத்தில் உழுந்தும் கச்சானும், வளவிலே ஆடும் மாடும் என அமைந்தது அப்பகுதி மக்களின் வாழ்க்கை. இத்தகைய ஓர் ஊரை மனத்திற்கொண்டு இவ்விடயத்தை நோக்குவது பொருந்தும். ஏனெனில், சிகிச்சையின் மறுபாதி நடைபெறும் இடம் நகரத்து வைத்தியசாலையன்று. இவ்வாறான வளவும் வயலுமே.

முன்னாளில் இந்த வினா இவ்வளவு கூர்மையாக எழுந்ததில்லை. இலங்கையில் 1873ஆம் ஆண்டில் இயற்றப்பட்ட சட்டம், சித்தம் கலங்கியவரை நீதிமன்றத்தின் ஆணையால் காப்பகத்தில் சேர்க்க வழிசெய்தது. கொழும்புக்கு அண்மையில் 1926இல் அங்கொடை வைத்தியசாலை திறக்கப்பட்டபின், "அங்கொடை" என்ற ஊர்ப் பெயரே ஏளனச் சொல்லாக நாடெங்கும் வழங்கலாயிற்று. அங்கே கொண்டுசெல்லப்பட்டவர்களிற் பலர் ஆண்டுக்கணக்கில் அங்கேயே தங்கிவிட்டனர். 1952இல் பாரிஸ் நகரத்து வைத்தியர்கள் குளோர்புறோமசின் என்ற மருந்தை மனநோய்க்குப் பயன்படுத்தியதோடு நிலைமை மாறத் தொடங்கியது. 1956இல் இலங்கைச் சட்டம் திருத்தப்பட்டு, தாமே விரும்பிச் சிகிச்சைக்குச் சேரவும் வழி பிறந்தது. 2005இல் வகுக்கப்பட்ட தேசிய மனநலக் கொள்கை, சிகிச்சையை மாவட்டங்களுக்கும் கிராமங்களுக்கும் கொண்டுசெல்ல முற்பட்டது. அங்கொடை வைத்தியசாலை 2008இல் தேசிய மனநல நிறுவகம் எனப் பெயர் மாற்றம் பெற்றது. இன்று கனகராயன்குளத்தவர் ஒருவர் நோயுற்றால், கொழும்புவரை செல்லாமல் வவுனியா வைத்தியசாலையிலேயே மனநலச் சிகிச்சை பெறலாம். ஆண்டுக்கணக்காக இருந்த தங்கல் பெரும்பாலும் வாரக்கணக்காகக் குறைந்துவிட்டது.

இது பெரும் நன்மையே. ஆனால், வாரங்களில் வீடு திரும்பும் ஒருவரை ஏற்று நிறுத்துவதற்கு வீடு உறுதியாக இருத்தல் வேண்டும். வன்னியின் வீடுகளோ பலமுறை பெயர்ந்தவை. 1997 மே மாதம் தொடங்கிய ஜெயசிக்குறு நடவடிக்கையின்போது கண்டி வீதியோர ஊர்கள் போர்க்களமாயின. 2002இல் திறந்த பாதை 2006இல் மீண்டும் மூடப்பட்டது. 2009இல் போர் முடிந்தபொழுது, ஏறத்தாழ மூன்று இலட்சம் மக்கள் முகாம்களில் இருந்தனர். செட்டிகுளத்து மெனிக் பாம் முகாம் 2012 செப்ரெம்பரில் மூடப்பட்டது. உளமருத்துவப் பேராசிரியர் தயா சோமசுந்தரம் வன்னி மக்களின் துயரை ஆராய்ந்து, அது தனியாட்களின் காயம் மட்டுமன்று, குடும்பத்தையும் அயலையும் ஒருங்கே தாக்கிய கூட்டுக் காயம் என்று எடுத்துக்காட்டினார். நோயாளியைத் தாங்கவேண்டிய அம்மான் இல்லை. மச்சான் எங்கே என்று தெரியவில்லை. அயல் வளவு காடு பற்றிக் கிடக்கிறது. பல வீடுகளில் தாய் ஒருத்தியே எல்லாச் சுமையையும் சுமக்கிறாள்.

இங்கே ஒரு தவறான எண்ணத்தைக் களைதல் வேண்டும். வன்னியில் மனநோய் என்றவுடன் அது போரால் வந்தது என்றே பலர் முடிவுசெய்துவிடுகின்றனர். போர் பல மனங்களைச் சிதைத்தது உண்மையே. ஆனால் மனச்சிதைவு நோயும், மிகை எழுச்சியும் சோர்வும் மாறிமாறி வரும் இருதுருவ நோயும் போர் நடவாத நாடுகளிலும் உண்டு. அவை செய்வினையாலோ பெற்றோர் செய்த பாவத்தாலோ வருவன அல்ல. காரணத்தைத் தேடிக் குற்றவாளி ஒருவரைக் கண்டுபிடிப்பதிலே குடும்பம் காலத்தைச் செலவிடுமாயின், நாளைய காலைக்கு வேண்டிய பலம் அதற்கு இல்லாமற் போய்விடும்.

வீடு திரும்பியவரின் முதல் சில வாரங்களுக்குத் தேவையானவை மிக எளிய காரியங்கள். ஒரே நேரத்தில் உறங்குதல், ஒரே நேரத்தில் எழுதல், வேளைக்கு உணவு, குளிப்பு, தவறாத குளிசை ஆகியவையே அவை. இவற்றுள் உறக்கம் முதன்மையானது. நோய் மீளும்பொழுது பலரிடம் முதலில் கெடுவது உறக்கமே. இரண்டு மூன்று இரவுகள் ஒருவர் கண்மூடாமல் நடமாடினால், அதை வீட்டார் ஒரு செய்தியாகக் கொண்டு வைத்தியருக்குத் தெரிவித்தல் வேண்டும். இரவெல்லாம் திருவிழாப் பார்ப்பதையும், விடியவிடிய வயற்காவலில் இருப்பதையும் அவர் சில மாதங்களுக்கேனும் தவிர்ப்பது நன்று. மதுவையும் கஞ்சாவையும் அறவே விலக்கவேண்டும்.

குளிசையைப் பற்றிச் சற்று விரிவாகக் கூறுதல் அவசியம். ஏனெனில், மீண்டும் வைத்தியசாலைக்குச் செல்ல நேருவோரிற் பலருடைய கதை ஒரே விதமானது. சுகம் வந்துவிட்டது, இனிக் குளிசை எதற்கு என்று நிறுத்தினர், சில மாதங்களில் நோய் திரும்பியது. மனச்சிதைவு நோயினரைப் பற்றி நடைபெற்ற 65 பரிசோதனைகளின் முடிவுகளைத் தொகுத்து 2012இல் ஓர் ஆய்வு வெளிவந்தது. ஓராண்டளவில், மருந்தைத் தொடர்ந்தவர்களில் நூற்றுக்கு 27 பேருக்கு நோய் மீண்டது. மருந்து நிறுத்தப்பட்டு வெற்றுக் குளிசை பெற்றவர்களில் நூற்றுக்கு 64 பேருக்கு மீண்டது. சுகமாயிருப்பதற்குக் காரணமே குளிசைதான் என்பதை இந்த எண்கள் உணர்த்துகின்றன. எப்பொழுது குறைக்கலாம், எப்பொழுது நிறுத்தலாம் என்பது வைத்தியரோடு இருந்து தீர்மானிக்கவேண்டிய காரியம்.

ஆயினும், குளிசையை வெறுப்பவரை அறிவீனர் என்று ஏசுவது நியாயமன்று. சில மருந்துகள் கை நடுக்கத்தையும் தசை இறுக்கத்தையும் உண்டாக்கும். சில உடலைப் பருக்கச் செய்யும். சில பகலிலும் கண்ணைச் சொருகச் செய்யும். மண்வெட்டி பிடித்து உழைக்கவேண்டிய ஒருவருக்கு இவை சிறிய துன்பங்கள் அல்ல. குளோர்புறோமசின் உட்கொள்பவரின் தோல் வெயிலில் எளிதாகக் கருகும். அவர் நீண்ட கைச்சட்டையும் தொப்பியும் அணிந்தே வயலுக்குச் செல்லவேண்டும். இலித்தியம் உட்கொள்பவர் கோடை வெயிலில் வியர்வை சிந்த உழைத்துவிட்டுப் போதிய நீர் அருந்தாவிட்டால், இரத்தத்தில் மருந்தின் அளவு நச்சு நிலைக்கு ஏறக்கூடும். வயிற்றோட்டமோ கடும் வாந்தியோ கண்டாலும் அதே ஆபத்து உண்டு. இவற்றையெல்லாம் கிளினிக்கில் மனந்திறந்து கூறினால், வைத்தியர் அளவை மாற்றுவார். மருந்தையே மாற்றவும் வழி உண்டு. நாள்தோறும் குளிசைக்குப் பதிலாகச் சில வாரங்களுக்கு ஒருமுறை போடும் ஊசியும் உண்டு. கூறாமல் ஒளித்து நிறுத்துவதுதான் தீங்கு.

கிளினிக் நாளும் விதைப்பு நாளும் ஒன்றாக வருவதுண்டு. உழவு இயந்திரம் கிடைத்த நாளை விட்டுவிட்டு வவுனியாவுக்குப் பஸ் ஏறுவது கமக்காரக் குடும்பத்துக்கு எளிதன்று. ஒரு நாட்கூலியும் பஸ் கட்டணமும் இழப்பாகும். இந்த இடத்திலேதான் அயலவரின் உதவி பயன்படும். ஒருவர் வயலைப் பார்த்துக்கொள்ள, இன்னொருவர் துணையாகச் சென்றுவந்தால், ஒரு மாதத்து மருந்து தவறாது. மரணவீட்டுக்கும் கலியாணவீட்டுக்கும் கூடி உழைக்கும் ஊருக்கு இது புதிய பாடமன்று.

இனி, வீட்டில் வழங்கும் சொல்லைப் பார்ப்போம். 1950களில் இலண்டனில் ஜோர்ஜ் பிரவுண் என்ற சமூகவியலாளரும் அவருடைய கூட்டாளிகளும் வியப்பான ஓர் உண்மையைக் கண்டனர். வைத்தியசாலையிலிருந்து பெற்றோரிடமோ மனைவியிடமோ திரும்பியவர்களே, வாடகை அறைகளுக்குத் திரும்பியவர்களைவிட அதிகமாக மீண்டும் நோயுற்றனர். அன்புள்ள இடம் ஏன் தீங்கு செய்தது என்று ஆராய்ந்தபொழுது, இடைவிடாத குற்றங்காணலும், பகைமை தோய்ந்த பேச்சும், மூச்சுவிட இடந்தராத அளவுமீறிய கவலையும் நோயை மீட்டுக் கொண்டுவருகின்றன என்பது புலப்பட்டது. பின்னர் இந்தியாவில் சண்டிகர் நகரத்தில் நடத்தப்பட்ட ஆய்வில், அங்குள்ள குடும்பங்களில் இத்தகைய இயல்பு இலண்டனைவிடக் குறைவாகவே காணப்பட்டது. கூட்டுக் குடும்பத்தின் பொறுமைக்கு அதை ஒரு சான்றாகக் கொள்ளலாம். அப்பொறுமையை இழந்துவிடாதிருப்பதற்கு ஓர் எச்சரிக்கையாகவும் கொள்ளலாம்.

"உன்னாலே குடும்பம் நடுத்தெருவுக்கு வந்தது" என்ற சொல் புண்படுத்தும் என்பதை எவரும் அறிவர். ஆனால், "நீ ஒன்றும் செய்யாதே, சும்மா இரு" என்ற சொல்லும் அதே அளவு தீங்கானது என்பதைப் பலர் அறியார். முன்னது அவரைக் குற்றவாளி ஆக்குகிறது. பின்னது அவரைப் பயனற்றவர் ஆக்குகிறது. கிணற்றடிக்குச் சென்றாலும் பின்னால் ஒருவர், படலையடிக்குச் சென்றாலும் பின்னால் ஒருவர் என்று காவல் வைத்தால், வீடே இன்னொரு விடுதியாகிவிடும். குடும்பம் இதைத் தானாகவே அறிந்துகொள்ளும் என எதிர்பார்த்தல் கூடாது, கற்பித்தல் வேண்டும். தமிழ்நாட்டில் வேலூர்க் கிறித்தவ மருத்துவக் கல்லூரியின் மனநல நிலையம் 1957இல் தொடங்கியது. நோயாளியோடு குடும்பத்தவரும் உடன் தங்கி, நோயைப் பற்றிக் கற்றுக்கொள்ளும் முறையை அந்நிலையம் கைக்கொண்டது. வவுனியாவில் பணியாற்றிய மனநல மருத்துவர் சிவதாஸ் எழுதிய "நலமுடன்" போன்ற நூல்களும் இவ்வறிவை எளிய தமிழில் மக்களிடம் கொண்டுசெல்ல முயன்றவையே.

அடுத்தது தொழில். உடைந்த குளக்கட்டைத் திருத்திய ஊரார், முதல் மாரியிலேயே குளத்தை முழுக் கொள்ளளவுக்கு நிரப்பார். நீர்மட்டத்தைச் சிறிது சிறிதாக உயர்த்தி, கட்டிலே கசிவு உண்டா என்று சுற்றிப் பார்ப்பர். ஆயினும் நீரே தேக்காமல் வெறுமையாகவும் விடார். நீரில்லாத குளத்தால் வயலுக்கு என்ன பயன்? வீடு திரும்பியவருக்குத் தொழிலைக் கொடுப்பதும் இவ்வாறே. முதல் வாரம் மிளகாய்க் கன்றுக்கு நீர் ஊற்றுதல். அடுத்து ஆடுகளைக் கட்டி அவிழ்த்தல். பின்னர் சங்கக் கடைக்குச் சென்று சாமான் வாங்கிவருதல். அதன்பின் வயலில் அரை நாள். பிறகு முழு நாள். குளிசையின் மயக்கம் தீரும்வரை உழவு இயந்திரமும் மோட்டார்ச் சைக்கிளும் ஓட்டாதிருத்தல் பாதுகாப்பு. வேலை சிறியதாக இருக்கலாம்; ஆனால் அது அவருடைய வேலையாக இருத்தல் வேண்டும். அவர் செய்யாவிட்டால் கன்று வாடும் என்ற நிலையில்தான் பொறுப்பு என்பது பொருள் பெறும்.

உழைத்த கூலியை அவர் கையிலேயே கொடுத்தல் வேண்டும். வழக்கமான கூலியில் பாதியைக் கொடுத்து, "இவருக்கு இது போதும்" என்று சொல்வோர் சிலர் உண்டு. அது தருமமன்று, சுரண்டல். பெல்ஜிய நாட்டில் கீல் என்ற ஊரில், 13ஆம் நூற்றாண்டு முதலாகவே கமக்காரக் குடும்பங்கள் மனநோயாளரைத் தம் வீடுகளில் ஏற்று, தம் மேசையில் உணவளித்து, தம் வயலில் வேலையும் தந்து வந்துள்ளன. அந்த ஊரார் வைத்தியர்கள் அல்லர். நோயாளர் ஒருவரோடு நாள்தோறும் வாழ்ந்து பழகியதே அவர்கள் பெற்ற பயிற்சி. அயலார் ஒருவருக்கு அந்நிய நாட்டுக் கமக்காரர் செய்தது, சொந்த ஊரவருக்கு வன்னிக் கமக்காரரால் இயலாததன்று.

பெண்கள் வீடு திரும்பும்பொழுது இடர் இன்னும் ஒரு பங்கு கூடுகிறது. ஆணுக்கு நோய் வந்தால் மனைவி பார்க்கிறாள். மனைவிக்கு நோய் வந்தால் அவளைத் தாய்வீட்டுக்கு அனுப்பிவிடும் வழக்கம் பல இடங்களில் உண்டு. திரும்பி வந்த தாயிடம் குழந்தையைக் கொடுக்க அஞ்சுகின்றனர். தொடக்கத்தில் பாட்டியோ சகோதரியோ அருகிருத்தல் நியாயமே. ஆனால் குழந்தையைக் குளிப்பாட்டவும் சோறூட்டவும் தலைவாரவும் தாய்க்கு நாள்தோறும் சந்தர்ப்பம் இருத்தல் வேண்டும். மீண்டும் கருத்தரிக்க எண்ணும் பெண் அதை முன்கூட்டியே வைத்தியரிடம் கூறவேண்டும். சில மருந்துகள் கருவைப் பாதிக்கும். தாமாகத் திடீரென நிறுத்துவதோ தாயைப் பாதிக்கும். இரண்டுக்கும் நடுவே வழி காட்ட வைத்தியரால் முடியும்.

வீட்டுக்கு வெளியே ஊர் இருக்கிறது. ஊரின் கையில் உள்ள மிகக் கூரிய ஆயுதம் "விசர்" என்ற ஒரு சொல். சிறுவர் கூவினால் அது விளையாட்டு எனப்படுகிறது. பெரியோர் கூறினால் அது தீர்ப்பாகிவிடுகிறது. அதன்பின் அம்மனிதர் நியாயமான கோபத்தைக் காட்டினாலும் நோய் என்பர். மகிழ்ந்து சிரித்தாலும் நோய் என்பர். ஒருவருக்கு அவருடைய பெயரைத் திருப்பிக் கொடுப்பது ஊர் செய்யக்கூடிய முதல் உபகாரம். பாடசாலை ஆசிரியரும், கோவில் நிருவாகமும், கமக்கார அமைப்பும், மாதர் சங்கமும் இச்சொல்லைத் தம் எல்லைக்குள் அனுமதியாதிருந்தால் பாதி வழி கடந்ததாகும்.

புதூர் நாகதம்பிரானுக்கும் வற்றாப்பளை அம்மனுக்கும் பொங்கல் வைத்து நேர்த்தி தீர்க்கும் மக்கள், மனநோய்க்கும் தெய்வத்தை நாடுவது இயல்பே. கும்பிடப் போவதும் குளிசை போடுவதும் ஒன்றுக்கொன்று பகையல்ல. நூல் கட்டினால் குளிசையை விடவேண்டும் என்று கூறுவோரிடத்து மட்டும் எச்சரிக்கை தேவை. அதனினும் கொடியது கட்டிவைத்தல். தமிழ்நாட்டில் ஏர்வாடியில் 2001 ஓகஸ்ட் 6ஆம் நாள் அதிகாலையில், மனநோயாளர் தங்கியிருந்த கொட்டகை ஒன்றில் தீப்பற்றியது. சங்கிலியால் பிணிக்கப்பட்டிருந்தமையால் தப்ப இயலாமல் 28 பேர் மாண்டனர். பிணைப்பது காவலாகாது என்பதற்கு அதைவிடத் துயரமான சான்று வேண்டியதில்லை.

வைத்தியசாலையை விட்டு வந்த முதற் சில வாரங்களில் சிலர் ஆழ்ந்த மனச்சோர்வுக்கு ஆளாவதுண்டு. தமக்கு நேர்ந்தது யாது என்பதைத் தெளிந்த அறிவோடு எண்ணிப்பார்க்கும் காலம் அது. உயிரை மாய்த்துக்கொள்ளும் எண்ணம் தலைகாட்டுவதும் அக்காலத்திலேயே அதிகம். இலங்கையில் தற்கொலை வீதம் 1995இல் உச்சத்தை எட்டியது. அதன்பின் நச்சு மிகுந்த விவசாய இரசாயனங்கள் ஒவ்வொன்றாகத் தடைசெய்யப்பட, பல்லாயிரம் உயிர்கள் தப்பின. எட்டாத இடத்தில் ஆபத்து இருக்குமாயின் அந்தக் கொடிய கணம் கடந்துபோய்விடும் என்பதே இதிலிருந்து பெறும் பாடம். கமக்கார வீடுகளில் இவ்விரசாயனங்களை வீட்டில் வைக்காதிருத்தலே சிறந்தது. இயலாதபொழுது பூட்டிவைத்துத் திறப்பை வேறொருவர் கையில் கொடுத்தல் வேண்டும். அத்தகைய எண்ணம் உண்டா என்று அன்போடு வெளிப்படையாகக் கேட்பதால் அது புதிதாக உண்டாகிவிடாது. கேட்கப்பட்டவருக்குப் பெரும்பாலும் ஆறுதலே பிறக்கும். உடனடி ஆலோசனைக்குத் தேசிய மனநல நிறுவகத்தின் 1926 என்ற தொலைபேசி இலக்கம் உண்டு.

இவ்வளவும் செய்தபின்னரும் சிலருக்கு நோய் மீளலாம். அதைத் தோல்வியாகக் கருதுதல் தகாது. நீரிழிவும் ஆஸ்துமாவும் மீண்டு வருவதில்லையா? இரண்டாம் முறை வைத்தியசாலைக்குச் செல்பவர், முதல் முறை பெற்ற அனுபவத்தோடு செல்கிறார். அறிகுறிகளை முன்னரே கண்டு அழைத்துச் சென்றால், தங்கும் நாளும் குறையலாம், படும் துன்பமும் குறையலாம்.

சுகம் என்பதை எந்த அளவுகோலால் அளப்பது? குரல்கள் கேளாதொழிந்தன, உறக்கம் வந்தது என்பன வைத்தியரின் அளவுகோல்கள். ஊரின் அளவுகோல் வேறு. கமக்கார அமைப்பின் கூட்டத்தில் வாய்க்கால் துப்புரவுக்கு ஆள் பிரிக்கும்பொழுது, அவருடைய பெயரும் தயக்கமின்றி எழுதப்படுகிறதா? அயல் வீட்டார் இரவல் மண்வெட்டிக்கு அவரிடம் வந்து நிற்கின்றனரா? கலியாணக் காகிதம் வீட்டுப் பெயரில் மட்டுமன்றி, அவர் கையிலும் கொடுக்கப்படுகிறதா? அவரிடம் ஒன்றைக் கேட்டுப் பெறும் நிலைக்கு ஊர் வந்தபொழுதுதான், அவர் உண்மையாக வீடு திரும்பியவராகிறார். அதற்குப் பெரும் பொருள் வேண்டியதில்லை. மாலை வேளையில் படலையைத் திறந்துகொண்டு உள்ளே செல்லும் முதல் அயலவர் ஒருவரே வேண்டும்.